பிறந்த மண்ணும் புகுந்த மண்ணும்

ஹங்கேரி நாட்டுப் பந்தாட்ட வீரர் புஷ்காஷின் வரலாறு

அல்சூருக்கு அருகே, தமிழ்க் குடும்பங்கள் மிகுதியாக வாழும் கௌதமபுரத்தில், பந்தாட்ட வீரர் பெலேயின் சிலை ஒன்று நிற்பதை நம் சங்கத்து அன்பர்களில் பலர் கண்டிருப்பர். எங்கோ பிரேசில் நாட்டில் பிறந்த ஒருவருக்கும் பெங்களூர்த் தமிழருக்கும் என்ன உறவு என்று வெளியூரார் வினவுவதுண்டு. பந்தினால் வந்த உறவு அது. 1809-ஆம் ஆண்டில் பெங்களூரில் தண்டு ஏற்பட்டது. அதனைத் தொடர்ந்து வட ஆர்க்காடு முதலிய மாவட்டங்களிலிருந்து நம்மவர் வேலை நாடி இவ்வூருக்கு வந்தனர். வெள்ளைச் சிப்பாய்கள் திடலில் பந்து உதைத்தபோது, திடலின் ஓரத்தில் நின்று பார்த்த பிள்ளைகள் நம் பிள்ளைகள். பார்த்தவர்கள் ஆடத் தொடங்கினர். ஆடியவர்கள் வெல்லவும் தொடங்கினர். ஆஸ்டின் டவுனிலும் மர்பி டவுனிலும் கௌதமபுரத்திலும் பந்தாட்டம் இன்று தலைமுறை தலைமுறையாக வரும் குடும்பச் சொத்துப் போல இருந்து வருகின்றது.

ஆயினும் இத்திங்கள் நாம் எழுதப் புகுவது பெலேயைப் பற்றியன்று. ஹங்கேரி நாட்டில் பிறந்து, முப்பதாம் வயதை ஒட்டித் தாயகத்தை விட்டு நீங்கி, வேற்று நாட்டில் இரண்டாம் முறையாகப் புகழ் எய்திய புஷ்காஷ் என்பவரைப் பற்றியே எழுதுகின்றோம். காரணம் உண்டு. அவர் நம்மைப் போல இரண்டு மண்ணுக்கு உரியவர். பிறந்த வீட்டை விட்டுப் புகுந்த வீட்டுக்குச் செல்லும் பெண்ணை, பிறந்த வீட்டை மறந்தவள் என்று நாம் ஏசுவதில்லை. இரு வீட்டுக்கும் அவள் உரியவள் என்றே கொள்கிறோம். ஆனால் பிழைப்புக்காக மண் மாறியவனை மட்டும், "நீ எந்த ஊரான்?" என்று இரு புறத்தாரும் கேட்கின்றனர். அந்தக் கேள்விக்கு விடை தேடுவார்க்குப் புஷ்காஷின் வாழ்க்கை பெரிதும் பயன்படும். அன்றியும், அவரது நாட்டுப் பந்தாட்டமும் நம் நாட்டுப் பந்தாட்டமும் மும்முறை ஒன்றையொன்று தொட்டுச் சென்றன. அவற்றுள் ஒன்றில் பெங்களூர்க்காரர் ஒருவருக்கும், மற்றொன்றில் புலம்பெயர்ந்த தமிழ்க் குடும்பத்து மகன் ஒருவருக்கும் பங்கு உண்டு.

கிஷ்பெஷ்ட் தெருவில்

புஷ்காஷ் 1927-ஆம் ஆண்டு ஏப்ரல் திங்களில் ஹங்கேரியின் தலைநகரான புடாபெஸ்டில் பிறந்தார். ஹங்கேரியர் நம்மைப் போலவே முன்னெழுத்துக்குரிய பெயரை முதலிலும், தமக்கு இட்ட பெயரைப் பின்னும் வைத்து வழங்குவர். அம்முறைப்படி அவர் புஷ்காஷ் ஃபெரென்ட்ஸ். ஆனால் பிறந்தபோது அக்குடும்பத்தின் பெயர் புஷ்காஷ் அன்று, புர்ட்செல்ட் என்பது. அவர்கள் முற்காலத்தில் ஹங்கேரியில் குடியேறிய ஜெர்மானிய வழியினர். 1937-இல் தந்தையார் அப்பெயரை விடுத்து, ஹங்கேரியப் பெயராகிய புஷ்காஷ் என்பதை ஏற்றுக் கொண்டார். ஆகவே, பின்னாளில் ஹங்கேரிய மக்கள் தம் நாட்டின் அடையாளமாகவே கொண்டாடிய அம்மனிதரும் குடியேறியவர் வழியில் வந்தவரே என்பது ஈண்டு நினைக்கத் தக்கது.

கிஷ்பெஷ்ட் என்னும் புறநகரில் அக்குடும்பம் வாழ்ந்தது. தந்தையார் அவ்வூர்க் கழகத்தில் ஆடியவர். பின்னர் அங்கேயே பயிற்சியாளர் ஆனவர். பக்கத்து வீட்டில் போழிக் யோஷெப் என்னும் சிறுவன் இருந்தான். இருவரும் சேர்ந்தே உதைத்து, சேர்ந்தே ஓடி, சேர்ந்தே வளர்ந்தனர். கழகத்தில் பதிவு செய்து கொள்ளப் பன்னிரண்டு வயது நிரம்பியிருக்க வேண்டும் என்பது விதி. அந்த வயது வரும்வரை காத்திருக்கப் பொறாத சிறுவன் புஷ்காஷ், கோவாச் மிக்லோஷ் என்ற பொய்ப் பெயரில் ஆடினான். 1943-இல், பதினாறு வயதிலேயே, கிஷ்பெஷ்ட் கழகத்தின் முதற் குழுவில் இடம் பெற்றான். போர் முடிந்த 1945-ஆம் ஆண்டு ஆகஸ்டில் ஆஸ்திரியாவுக்கு எதிராக நாட்டுக் குழுவில் முதன்முதலாக ஆடியபோதே கோல் அடித்தான்.

குள்ளமான, சற்றே பருத்த உடல். இடக்காலே அவருக்கு எல்லாம். அந்த இடக்காலால் அவர் அடித்த பந்தைக் கண்ணால் பின்தொடர்வதே அரிது என்பர். தாய்நாட்டுக்காக அவர் ஆடிய ஆட்டங்கள் 85. அடித்த கோல்கள் 84. ஓர் ஆட்டத்துக்கு ஏறத்தாழ ஒரு கோல் என்னும் இக்கணக்கு ஒன்றே அவர் எத்தகையவர் என்பதைக் காட்டும்.

1949-இல் கிஷ்பெஷ்ட் கழகத்தை அரசு இராணுவத்தின் வசமாக்கி, ஹோன்வேத் என்று பெயர் மாற்றியது. ஆட்டக்காரர்களுக்கு இராணுவப் பதவிகள் வழங்கப்பட்டன. புஷ்காஷ் மேஜர் ஆனார். மேனாட்டுச் செய்தித்தாள்கள் அவரைப் 'பாய்ந்தோடும் மேஜர்' என்று அழைத்தன. தொழில்முறை ஆட்டம் இல்லை என்று சொல்லிக் கொண்டே, ஆட்டக்காரர் முழு நேரமும் ஆடுவதற்கு வகை செய்த ஏற்பாடு அது. பெங்களூரில் பொதுத்துறைத் தொழிற்சாலைகள் பந்தாட்டக்காரர்களுக்கு வேலை கொடுத்து, மாலையில் பந்து உதைக்கச் செய்த வழக்கத்தை அறிந்த நம் அன்பர்களுக்கு இது புதுமையாகத் தோன்றாது.

ஹெல்சிங்கியில் ஒரு பெங்களூர்க்காரர்

1952-ஆம் ஆண்டு ஹெல்சிங்கியில் ஒலிம்பிக் பந்தயங்கள் நடைபெற்றன. இந்தியக் குழுவும் சென்றது. அதில் இடம் பெற்றவர்களுள் ஒருவர் பெங்களூரில் பிறந்த அகமது கான். புஷ்காஷுக்கு ஏறத்தாழ ஒத்த வயதினர். 1926 டிசம்பரில் பிறந்தவர். அவர் அதற்கு முன்பே 1948-இல் இலண்டன் ஒலிம்பிக்கில் ஆடியவர். இலண்டன் சென்ற நம் ஆட்டக்காரருள் பெரும்பாலோர் வெறுங்காலுடன் ஆடினர். பிரான்சுக்கு எதிராக 2-1 என்ற கணக்கில் தோற்றனர். கிடைத்த இரண்டு பெனால்டி உதைகளையும் தவற விட்டனர். அந்த ஆட்டத்தில் இந்தியாவின் ஒரே கோலை, ஒலிம்பிக்கில் இந்தியாவின் முதற் கோலை, அடித்தவர் சாரங்கபாணி ராமன் என்பவர்.

ஹெல்சிங்கியில் குளிர் கடுமை. வெறுங்கால் ஆட்டம் அங்கே செல்லவில்லை. யூகோஸ்லாவியாவிடம் இந்தியா 10-1 என்று படுதோல்வி அடைந்தது. அந்த ஒற்றைக் கோல் அகமது கானுடையது. நம்மை இவ்வாறு வீழ்த்திய அதே யூகோஸ்லாவியா இறுதி ஆட்டம் வரை முன்னேறி, அங்கே ஹங்கேரியிடம் 2-0 என்று தோற்றது. அவ்வாட்டத்தில் புஷ்காஷ் ஒரு பெனால்டி உதையைத் தவற விட்டார். பின்னர் முதற் கோலையும் அவரே அடித்தார். தங்கப் பதக்கம் ஹங்கேரிக்குக் கிடைத்தது. பெங்களூர்க்காரர் ஒருவரும் புடாபெஸ்ட்டுக்காரர் ஒருவரும் ஒரே பந்தயத்தில், ஒரே எதிரிக்கு எதிராக, ஆளுக்கொரு கோல் அடித்தனர். ஒருவருக்குக் கிடைத்தது படுதோல்வி, மற்றவருக்குப் பதக்கம். ஆட்டக்காரரின் திறமை மட்டுமன்றி, அவர் காலடியில் இருக்கும் மண்ணும் காலணியும் பயிற்சியும் எவ்வளவு வேறுபாட்டை உண்டாக்குகின்றன என்பதற்கு இதனினும் சான்று வேண்டா.

பொற்குழுவின் உயர்வும் தாழ்வும்

ஹெல்சிங்கிக்குப் பின்னர் ஹங்கேரியக் குழுவின் புகழ் உலகெங்கும் பரவிற்று. 1953 நவம்பர் 25-ஆம் நாள் இலண்டன் வெம்ப்ளி அரங்கில் இங்கிலாந்தை 6-3 என்று அக்குழு தோற்கடித்தது. ஐரோப்பாக் கண்டத்துக் குழு ஒன்றிடம் இங்கிலாந்து தன் சொந்த மண்ணில் தோற்றது அதுவே முதன்முறை. ஹிதெக்குட்டி மூன்று கோல்களும், புஷ்காஷ் இரண்டும், பக்கத்து வீட்டுப் போழிக் ஒன்றும் அடித்தனர். பாய்ந்து வந்த ஆங்கிலத் தலைவர் பில்லி ரைட்டின் முன், புஷ்காஷ் பந்தைக் காலடியால் பின்னுக்கு இழுத்து, அவர் வெறும் புல்லின்மேல் சென்று விழ, திரும்பி அடித்த கோல் இன்றும் பேசப்படுகின்றது. அடுத்த ஆண்டு மே திங்களில் புடாபெஸ்டுக்கு வந்த இங்கிலாந்து 7-1 என்று தோற்றுத் திரும்பியது.

1950 முதல் தோல்வியே அறியாத அக்குழு 1954-ஆம் ஆண்டு உலகக் கோப்பை இறுதி ஆட்டத்துக்கு ஸ்விட்சர்லாந்து நாட்டுப் பெர்ன் நகரில் இறங்கியது. எதிரி மேற்கு ஜெர்மனி. முன்னர் அதே போட்டியில் அவர்களை 8-3 என்று வென்றிருந்தது. ஆனால் அந்த ஆட்டத்தில்தான் புஷ்காஷின் கணுக்கால் அடிபட்டது. அடிபட்ட காலுடனேயே இறுதி ஆட்டத்தில் இறங்கி முதற் கோலை அடித்தார். எட்டு நிமிடத்துக்குள் ஹங்கேரி 2-0 என்று முன்னணி பெற்றது. முடிவில் 3-2 என்று வென்றதோ மேற்கு ஜெர்மனி. கடைசி நேரத்தில் புஷ்காஷ் அடித்த கோல் ஆஃப்சைடு என்று தள்ளப்பட்டது. வென்றபோது தோளில் தூக்கிய மக்கள் தோற்றபோது தூற்றினர். இஃது எந்நாட்டிலும் உள்ள வழக்கமே.

1956

1956 அக்டோபர் 23-ஆம் நாள் ஹங்கேரியில் மக்கள் புரட்சி மூண்டது. நவம்பர் 4-ஆம் நாள் சோவியத் படைகள் புடாபெஸ்டுக்குள் புகுந்து அதனை அடக்கின. அக்காலத்தில் ஹோன்வேத் குழுவுக்கு ஐரோப்பியக் கோப்பைப் போட்டியில் ஸ்பெயின் நாட்டு அத்லெடிக் பில்பாவோ கழகத்துடன் ஆட்டம் இருந்தது. குழுவினர் நாட்டுக்கு வெளியே இருந்தனர். முதல் ஆட்டத்தில் 3-2 என்று தோற்றனர். மறு ஆட்டத்தைத் தம் ஊரில் நடத்த இயலாமல், பெல்ஜியத்தின் பிரஸ்ஸெல்ஸ் நகரில் நடத்தினர். அது 3-3 என்று சமமாக முடிந்தது. சொந்த ஊர்த் திடல் இல்லாமல் போன குழு போட்டியிலிருந்து வெளியேறியது.

அதன் பின்னர் எழுந்த கேள்வி ஒன்றே: திரும்புவதா, நிற்பதா? குழு இத்தாலி, போர்ச்சுகல், ஸ்பெயின், பிரேசில் என்று சுற்றி ஆட்டங்கள் ஆடியது. ஹங்கேரியச் சங்கமும் உலகப் பந்தாட்டச் சங்கமும் அதனைத் தடை செய்தும் ஆடியது. சுற்று முடிந்ததும் பலர் ஊர் திரும்பினர். போழிக் திரும்பினார். புஷ்காஷ் திரும்பவில்லை. அவருடைய மனைவியும் சிறு மகளும் எல்லை கடந்து ஆஸ்திரியாவை அடைந்திருந்தனர். ஒரே தெருவில், அடுத்தடுத்த வீட்டில், ஒரே பந்தை உதைத்து வளர்ந்த இருவரில் ஒருவர் பிறந்த மண்ணிலேயே நிற்பது என்றும், மற்றவர் நீங்குவது என்றும் முடிவு செய்தனர். இவருள் யார் செய்தது சரி என்று தீர்ப்புக் கூற நாம் துணியோம். புலம்பெயர்ந்த குடும்பங்கள் ஒவ்வொன்றிலும் இத்தகைய இருவர் இருக்கின்றனர். ஊரில் நின்ற அண்ணன் ஒருவர். வெளியேறிய தம்பி ஒருவர்.

ஹங்கேரியின் துன்பம் நம் நாட்டையும் எதிர்பாராத முறையில் தொட்டது. அவ்வாண்டு இறுதியில் மெல்போர்ன் ஒலிம்பிக்கில் இந்தியா முதற் சுற்றில் சந்திக்க வேண்டிய நாடு ஹங்கேரியே. ஹங்கேரியக் குழு போட்டியிலிருந்து விலகிக் கொண்டது. ஆட்டம் ஆடாமலே இந்தியா கால்இறுதிக்குச் சென்று, டிசம்பர் 1-ஆம் நாள் ஆஸ்திரேலியாவை 4-2 என்று வென்றது. நெவில் டிசூசா மூன்று கோல்கள் அடித்தார். முடிவில் இந்தியா நான்காம் இடம் பெற்றது. ஒலிம்பிக் பந்தாட்டத்தில் நாம் எட்டிய மிக உயர்ந்த இடம் இன்றளவும் அதுவே. நம் பெருமைக்குரிய அந்த ஏணியின் முதற் படியில் வேறொரு நாட்டின் கண்ணீர் படிந்திருப்பதை நாம் மறத்தலாகாது.

காத்திருந்த காலம்

மண் மாறிய மனிதனின் வாழ்வில் மிகக் கொடிய பகுதி, புறப்படும் நாளும் அன்று. சேரும் நாளும் அன்று. இரண்டுக்கும் இடையே காத்திருக்கும் நாள்களே அவை. புஷ்காஷுக்கு அது ஏறத்தாழ ஈராண்டு நீடித்தது. திரும்ப மறுத்த குற்றத்துக்காக எந்தக் கழகத்திலும் ஆடலாகாது என்று தடை விதிக்கப்பட்டது. குடும்பத்துடன் வியன்னாவிலும், பின் இத்தாலியிலும் தங்கினார். கால் இருந்தது, பந்து இருந்தது, ஆடுவதற்கு அனுமதித் தாள் இல்லை. கையில் தொழிலும் உடலில் வலிவும் இருந்தும், ஒரு முத்திரைக்காகவும் ஒரு கையெழுத்துக்காகவும் மாதக் கணக்கில் வாயிலில் நின்றவர்கள் நம்மிலும் எத்தனையோ பேர். அவர்களுக்கு இந்நிலையை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

உழைக்காத உடல் பருத்தது; வயது முப்பதைத் தாண்டியது. பந்தாட்டத்தில் முப்பது என்பது முதுமையின் வாயில். இவர் இனி ஆடமாட்டார் என்றே ஐரோப்பியக் கழகங்கள் பலவும் எண்ணின. அப்படி எண்ணாதவர் ஒருவர் இருந்தார். அவர் ஹோன்வேத் குழுவின் மேலாளராக இருந்து, பின்னர் ஸ்பெயினுக்குச் சென்று ரியல் மாட்ரிட் கழகத்தில் பணியேற்ற எமில் ஓஸ்திரைக்கர். முன்னே சென்ற ஊர்க்காரர் ஒருவர் பின்னே வருபவருக்குக் கதவைத் திறந்து விட்டார். 1958-இல், தம் 31-ஆம் வயதில், புஷ்காஷ் ரியல் மாட்ரிட் கழகத்தில் சேர்ந்தார். பெங்களூருக்கும் பம்பாய்க்கும் நம்மவர் வந்து சேர்ந்த வழியும் இதுவே அன்றோ? முன்னே வந்த மாமன் ஒருவர், சிற்றப்பா ஒருவர், பக்கத்து ஊர்க்காரர் ஒருவர் என்று யாரோ ஒருவர் கை கொடுத்த வழி அது.

மாட்ரிட்டில்

அக்கழகமே புலம்பெயர்ந்தோர் கூடிய ஒரு சத்திரம் போல இருந்தது. அதன் தலையாய வீரர் டி ஸ்டெஃபானோ அர்ஜென்டினாவில் பிறந்தவர். காவற்பகுதியைத் தாங்கிய சாந்தமரியா உருகுவே நாட்டவர். கோப்பா என்னும் வீரர் பிரெஞ்சுக்காரர். ஆனால் பிரான்சின் சுரங்கத்துக்குப் பிழைக்க வந்த போலந்துக் குடும்பத்தின் மகன். கோப்பஷேவ்ஸ்கி என்ற நீண்ட பெயரைப் பிறர் நாவுக்கு எளிதாகும்படி சுருக்கிக் கொண்டவர். அவருடைய கதையும் புர்ட்செல்ட் புஷ்காஷான கதையும் ஒரே இனத்தைச் சேர்ந்தவை. தொலைபேசியில் தம் பெயரை நான்கு முறை எழுத்துக் கூட்டிச் சொல்லி அலுத்துப் போன நம் இளைஞர்கள் இதனைப் படித்துப் புன்னகை செய்வார்கள்.

புதிய இடத்தில் பழைய புகழ் செல்லாது. நேற்று அடித்த கோல் இன்றைக்குச் சோறு போடாது. இதனைப் புஷ்காஷ் நன்கு உணர்ந்திருந்தார். பருத்த உடலைக் குறைத்தார். டி ஸ்டெஃபானோ அக்குழுவின் அரசர். தாமும் தம் நாட்டில் அரசராக இருந்தவர் என்பதைக் காட்ட முயன்று பூசலிட்டிருந்தால், இருவரில் ஒருவரே நிலைத்திருப்பார். புஷ்காஷ் அவ்வாறு செய்யாமல் இணைந்து ஆடினார். முதல் ஆண்டில் ஸ்பெயினின் முதல் நிலைப் போட்டியில் மிகுந்த கோல் அடித்தவர் டி ஸ்டெஃபானோ. அதன்பின் 1960, 1961, 1963, 1964 ஆகிய நான்கு ஆண்டுகளில் அச்சிறப்பைப் பெற்றவர் புஷ்காஷ். அப்போட்டியில் அவர் ஆடிய 180 ஆட்டங்களில் அடித்தவை 156 கோல்கள். இவை அனைத்தும், 'முடிந்து போனவர்' என்று மற்றவர் ஒதுக்கிய வயதுக்குப் பின்னர் அடித்தவை என்பதை நினைவிற் கொள்க.

1960 மே 18-ஆம் நாள் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டம் நடந்தது. ஏறத்தாழ 1,27,000 பேர் கூடியிருந்தனர். ஜெர்மனியின் ஐன்ட்ராக்ட் ஃபிராங்ஃபர்ட் கழகத்தை ரியல் மாட்ரிட் 7-3 என்று வென்றது. மூன்று கோல்கள் டி ஸ்டெஃபானோவுடையவை, நான்கு புஷ்காஷுடையவை. அக்கோப்பையின் இறுதி ஆட்டத்தில் நான்கு கோல் அடித்தவர் அன்று முதல் இன்றுவரை வேறெவரும் இலர். ஸ்பெயின் மக்கள் அவருக்குப் 'பஞ்சோ' என்று செல்லப் பெயர் இட்டனர். புகுந்த வீடு பெயர் சூட்டி அழைத்ததென்றால், ஏற்றுக் கொண்டது என்றே பொருள்.

ஸ்பெயின் குடியுரிமை பெற்று 1962 உலகக் கோப்பையில் அந்நாட்டுக் குழுவிலும் ஆடினார். ஸ்பெயினுக்காக அவர் ஆடியவை நான்கே ஆட்டங்கள், கோல் ஒன்றுமில்லை. 84 கோல் அடித்த கால் மற்றொரு நாட்டின் சட்டையில் ஒரு கோலும் அடிக்கவில்லை. இதிலிருந்து பெரிய பொருள் எதையும் நாம் பிழிந்தெடுக்க வேண்டுவதில்லை. கழகத்துக்காக ஆடுவது தொழில். நாட்டுக்காக ஆடுவது வேறு ஏதோ ஒன்று என்று மட்டும் எண்ணிக் கொள்ளலாம்.

சிதறிய தோழர்கள்

பார்சிலோனாவில் வேறு ஹங்கேரியர் இருந்தனர். 1949-இலேயே நாட்டை விட்டு நீங்கிய குபாலா அங்கே பெரும் புகழுடன் ஆடி வந்தார். 1954 குழுவின் கோச்சிஷும் சிபோரும் 1958-இல் அங்கே சேர்ந்தனர். 1961-இல் இவ்விருவரும் ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டத்தில் இறங்கியது அதே பெர்ன் நகரத்து அரங்கில். இருவரும் ஆளுக்கொரு கோல் அடித்தனர். முடிவு, ஏழாண்டுக்கு முன்னர் நிகழ்ந்தது போலவே, 3-2 என்ற தோல்வி! வென்ற போர்ச்சுகல் நாட்டுப் பென்ஃபிக்கா கழகத்தின் பயிற்சியாளர் யார் எனில், பேலா குட்மன் என்னும் மற்றொரு ஹங்கேரியர். அடுத்த ஆண்டு இறுதி ஆட்டத்தில் அதே குட்மனின் குழுவுக்கு எதிராகப் புஷ்காஷ் மூன்று கோல்கள் அடித்தும், ரியல் மாட்ரிட் 5-3 என்று தோற்றது. வீட்டை விட்டு வெளியேறிய சகோதரர் அயலூர்ச் சந்தையில் எதிரெதிர்க் கடை விரித்தது போன்ற காட்சி அது.

ரோமில் ஒரு தமிழ்க் குடும்பத்து மகன்

புஷ்காஷ் கிளாஸ்கோவில் நான்கு கோல் அடித்த 1960-ஆம் ஆண்டிலேயே, அவர் பிறந்த ஹங்கேரியை ரோம் ஒலிம்பிக்கில் இந்தியா நேருக்கு நேர் சந்தித்தது. ஹங்கேரி 2-1 என்றே வெல்ல முடிந்தது. இந்தியாவின் கோலை அடித்தவர் துளசிதாஸ் பலராம். இவர் செகந்தராபாத்துக்கு அருகே, அம்முகுடா என்னும் ஊரில், தமிழ்ப் பெற்றோருக்குப் பிறந்தவர். நம்மைப் போலவே தமிழ்நாட்டுக்கு வெளியே வேர் விட்ட குடும்பத்தின் பிள்ளை. பந்தாட்டமே அவரைப் பின்னர்க் கல்கத்தாவுக்கு அழைத்துச் சென்றது. ஈஸ்ட் பெங்கால் கழகத்தின் தலைவராகவும் விளங்கினார். 1962-இல் ஜகார்த்தா ஆசியப் போட்டியில் தங்கம் வென்ற குழுவில் இருந்தார். நோயினால் இளம் வயதிலேயே ஆட்டத்தை விட நேர்ந்தது. எனினும் வங்காளத்திலேயே தங்கி வாழ்ந்து, 2023 பிப்ரவரியில் அங்கேயே மறைந்தார். பெற்றோர் ஒரு முறை மண் மாறினர். மகன் மறுமுறை மாறினார்.

அகமது கானும் கல்கத்தா சென்றவரே. 1949 முதல் ஏறத்தாழப் பத்தாண்டு அதே ஈஸ்ட் பெங்கால் கழகத்தில் ஆடினார். வெங்கடேஷ், அப்பாராவ், தன்ராஜ், அகமது கான், சாலே ஆகிய தென்னாட்டார் ஐவரையும் வங்காள மக்கள் 'பஞ்ச பாண்டவர்' என்று கொண்டாடினர். 1949, 1950, 1951 ஆகிய மூன்றாண்டுகள் தொடர்ந்து ஐ.எப்.ஏ. கேடயம் அக்கழகத்துக்குக் கிடைத்தது. அக்காலத்தில் கல்கத்தா நம் நாட்டுப் பந்தாட்டக்காரரின் மாட்ரிட். ஆட்டம் ஓய்ந்தபின் அகமது கான் பெங்களூருக்கே திரும்பினார். 2017-இல் தம் 90-ஆம் வயதில் இங்கேயே காலமானார்.

மெல்போர்னில் ஒரு சங்கம்

புஷ்காஷ் 1966-இல், 39-ஆம் வயதில், ஆட்டத்தை நிறுத்தினார். பின்னர்ப் பயிற்சியாளராகப் பல நாடுகளில் பணியாற்றினார். 1971-இல் கிரேக்க நாட்டுப் பனதினாய்க்கோஸ் கழகத்தை ஐரோப்பியக் கோப்பை இறுதி ஆட்டம் வரை கொண்டு சென்றார். அவர் முன்னாளில் இங்கிலாந்தை வென்ற அதே வெம்ப்ளி அரங்கில் அது நடந்தது. ஹாலந்தின் அயாக்ஸ் கழகம் 2-0 என்று வென்றது.

நம் போன்ற சங்கத்தார் சிறப்பாகக் கவனிக்க வேண்டிய பகுதி அதற்குப் பின்னர் வருகின்றது. ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் நகரில் குடியேறிய கிரேக்கர், 1959-இல் சவுத் மெல்போர்ன் ஹெல்லாஸ் என்ற கழகத்தை நிறுவினர். ஆலையிலும் கடையிலும் உழைத்த மக்கள், ஞாயிற்றுக்கிழமையில் தாய்மொழி பேசிக் கூடுவதற்கு ஓர் இடமாக அமைந்தது அது. 1989-இல் அக்கழகத்தின் பயிற்சியாளராகப் புஷ்காஷ் வந்தார். உலகப் புகழ் பெற்றவர், குடியேறியவர்களின் கழகத்தில்! கிரேக்க நாட்டில் பழகிய கிரேக்க மொழியே அங்கே அவருக்கு உதவிற்று. குழுத் தலைவராக இருந்த ஆஞ்சி போஸ்டெகோக்லூ, கிரேக்கத்தில் பிறந்து குழந்தைப் பருவத்தில் பெற்றோருடன் ஆஸ்திரேலியா வந்தவர். அவர் பெரியவரைத் தம் வண்டியில் அழைத்துச் செல்வார். கிரேக்கத்தில் அவர் கூறுவதை ஆங்கிலத்தில் பிறருக்கு எடுத்துரைப்பார். 1990-91 பருவத்தில் அக்கழகம் நாட்டின் வாகையைச் சூடியது. அந்த இளைஞரே பின்னாளில் ஆஸ்திரேலிய நாட்டுக் குழுவின் பயிற்சியாளராகி, 2015-இல் ஆசியக் கோப்பையை வென்று கொடுத்தார்.

வீட்டில் பெற்றோர் பேசிய மொழியை அந்த இளைஞர் மறந்திருந்தால், புஷ்காஷ் அருகில் அமர்ந்திருந்தும் அவரிடமிருந்து ஒன்றும் கற்றிருக்க இயலாது. புகுந்த நாட்டு மொழியை அறியாதிருந்தால், கற்றதைப் பிறருக்கு எடுத்துக் கூறியிருக்க இயலாது. இரண்டும் இருந்ததனால்தான் அவ்வண்டியில் நிகழ்ந்த பேச்சு ஒரு நாட்டுக்கே பயனாயிற்று.

திரும்பிய நாள்

1981-இல், கால் நூற்றாண்டுக்குப் பின்னர், புஷ்காஷ் ஹங்கேரி மண்ணை மிதித்தார். ஓடிப்போனவர் என்று ஒரு காலத்தில் அரசு ஒதுக்கிய அவரை மக்கள் ஆரவாரத்துடன் வரவேற்றனர். ஆனால் பக்கத்து வீட்டுப் போழிக் அங்கே இல்லை. அவர் 1978-இலேயே மறைந்து விட்டார். நாட்டிலேயே நின்று 101 ஆட்டங்கள் ஆடி முடித்தவர் அவர். புறப்பட்டுச் செல்பவன் செலுத்தும் விலை எது என்பதை இதனினும் தெளிவாகக் காட்டுதல் அரிது. பொருள் இழப்பை ஈடு செய்யலாம். புகழும் மீண்டும் வரலாம். கூட விளையாடியவனின் கடைசி ஆண்டுகள் மட்டும் திரும்பி வாரா.

பின்னர் அவர் நாடு திரும்பி நிலையாகத் தங்கினார். 1993-இல் சில ஆட்டங்களுக்கு நாட்டுக் குழுவின் பயிற்சியாளராகவும் இருந்தார். புடாபெஸ்டின் மக்கள் அரங்கத்துக்கு அவர் வாழும்போதே அவர் பெயர் சூட்டப்பட்டது. நினைவை அழிக்கும் நோய் கடைசி ஆண்டுகளில் அவரைப் பற்றியது. 2006 நவம்பர் 17-ஆம் நாள் காலமானார். புடாபெஸ்ட் நகரின் புனித ஸ்டீபன் பேராலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார். பழைய அரங்கம் இருந்த இடத்தில் 2019-இல் திறக்கப்பட்ட புதிய அரங்கமும் அவர் பெயரையே தாங்கி நிற்கின்றது. ஆண்டுதோறும் உலகில் அடிக்கப்படும் மிக அழகிய கோலுக்கு உலகப் பந்தாட்டச் சங்கம் 2009 முதல் வழங்கி வரும் விருதுக்கும் அவர் பெயரே.

நாம் கொள்ள வேண்டியது

பெங்களூர் நெடுங்காலம் ஆட்டக்காரரை வளர்த்துப் பிற ஊருக்கு அனுப்பும் பிறந்த வீடாக இருந்தது. 2013-இல் பெங்களூரு எஃப்.சி. கழகம் தோன்றியதிலிருந்து, இது பலருக்குப் புகுந்த வீடாகவும் ஆயிற்று. செகந்தராபாத்தில் பிறந்த சுனில் சேத்ரி, 2010-இல் அமெரிக்காவின் கான்சாஸ் நகரத்துக் கழகத்துக்கும், 2012-இல் போர்ச்சுகலின் ஸ்போர்ட்டிங் கழகத்துக்கும் சென்று வந்து, 2013-இல் இங்கே சேர்ந்தார். முதற் பருவத்திலேயே இக்கழகம் நாட்டு வாகையைச் சூடியது. 2016-இல் ஏ.எஃப்.சி. கோப்பை இறுதி ஆட்டத்தை எட்டிய முதல் இந்தியக் கழகமும் இதுவே. ஆங்கிலேயர், ஸ்பானியர், ஆஸ்திரேலியர் என்று பல நாட்டார் இங்கே வந்து ஆடினர். கண்டீரவா அரங்கில் அவர்களுக்காகக் கூவுவோரில் நம் பிள்ளைகளும் உள்ளனர். வேற்று நாட்டாரை நம்மவர் என்று ஏற்பதற்கு அவர்களுக்கு யாரும் பாடம் கற்பிக்கவில்லை.

ஆயினும் வீட்டில் நாம் அப்பிள்ளைகளிடம் என்ன சொல்கிறோம்? "உன் ஊர் இதுவன்று" என்று ஒரு நாள் சொல்கிறோம்; "ஊரை மறந்து விட்டாய்" என்று மறுநாள் சொல்கிறோம். இரண்டையும் கேட்டு வளரும் பிள்ளை, தான் எங்கும் உரியவன் அல்லன் என்று மனத்தில் ஒரு புண்ணைச் சுமக்கின்றான். தாய்மார்களும் தந்தைமார்களும் இதனை எண்ணிப் பார்த்தல் வேண்டும். ஆண்டுக்கு ஒருமுறை தாத்தா பாட்டி வீட்டுக்கு அவனை அழைத்துச் செல்லுங்கள். வீட்டில் தமிழ் பேசுங்கள். தெருவில் கன்னடம் நன்கு பேசக் கற்றுக் கொள்ளட்டும். மாலையில் ஒரு மணி நேரம் பந்து உதைக்க விடுங்கள். படிப்பு அதனால் கெட்டு விடாது. நாளை அவன் கல்கத்தாவுக்கோ வேறு நாட்டுக்கோ செல்ல நேர்ந்தால், மனம் கலங்காமல் அனுப்புங்கள். அகமது கானைப் போலத் திரும்பி வருபவரும் உண்டு. பலராமைப் போலச் சென்ற இடத்திலேயே வேர் விடுபவரும் உண்டு. இருவரும் நம்மவரே.

ஊரில் நின்று விட்ட அண்ணனுக்கும், பக்கத்து வீட்டுத் தோழனுக்கும், இந்த ஞாயிற்றுக்கிழமையே ஒரு கடிதமோ தொலைபேசி அழைப்போ செல்லட்டும். அதற்குக் கால் நூற்றாண்டு காத்திருக்க வேண்டுவதில்லை.